வந்துகினு கீறாரு

ஜெகதாம்பாள் குரலைத் தாழ்த்திப் பேசி நான் ஒரே ஒரு முறைதான் கேட்டிருக்கிறேன். வேடிக்கை என்னவென்றால், அன்றைக்குத்தான் அவள் கையில் மைக் இருந்தது. மற்ற நாளெல்லாம் அவளுக்கு மைக் எதற்கு? மாமல்லபுரத்துக்கும் புதுப்பட்டினத்துக்கும் நடுவே இருந்த அந்தக் குப்பத்தில், கட்டுமரங்கள் கரையேறியதும் மீனை ஏலம் விடுகிறவள் அவள்தான். மீனை மணலில் கொட்டி, இடுப்பில் கையை ஊன்றிக்கொண்டு “ஒரு தரம்!” என்று அவள் ஆரம்பித்தால், சவுக்குத் தோப்பைத் தாண்டி எங்கள் பள்ளிக்கூடத்துக்குக் கேட்கும். “ரெண்டு தரம்” என்று சொல்லிவிட்டுச் சுற்றிலும் ஒரு பார்வை பார்ப்பாள். யாராவது கூட்டிக் கேட்பதானால் அதற்குள் கேட்டுவிட வேண்டும். “மூணு தரம்” என்று விழுந்துவிட்டால் முடிந்தது. பிறகு எவ்வளவு பெரிய மனுஷன் வந்து கெஞ்சினாலும் அந்த மீன் அவனுக்குக் கிடையாது. மூன்றாவது தரம் சொன்னதைத் திருப்பி வாங்கின வழக்கம் அந்தக் கரையில் இல்லை.

இது நெருக்கடி நிலைக் காலத்தில் நடந்தது. நான் அந்தக் குப்பத்துப் பள்ளியில் உதவி ஆசிரியை. வீடு செங்கல்பட்டில். காலையில் திருக்கழுக்குன்றம் வழியாக வரும் பஸ்ஸைப் பிடித்து இறங்கி, செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு தோப்பு மணலில் நடக்க வேண்டும். அதற்கு முந்தின வருஷங்களில் திரும்பின பக்கமெல்லாம் மேடையும் கைத்தட்டலுமாக இருந்த ஊர்கள் அப்போது வாயைக் கட்டிக்கொண்டிருந்தன. பஸ்ஸில் ஒருவர் அரசியல் பேச்சை எடுத்தால் பக்கத்து ஸீட்டுக்காரர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வார். ஜீப் சத்தம் கேட்டால் போதும், குடும்பக் கட்டுப்பாட்டு முகாமுக்கு ஆள் பிடிக்க வந்துவிட்டார்கள் என்று குப்பத்து ஆண்கள் தோப்புக்குள் ஓடுவார்கள். நீட்டி முழக்கிப் பேசுகிறவர்களைக் கண்டால் எனக்கு எப்போதுமே ஆகாது. ஆனால் யாருமே பேசாத ஊர் அதைவிட மோசம் என்று அந்த வருஷம்தான் தெரிந்துகொண்டேன்.

பள்ளியில் இரண்டே ஆசிரியர்கள். தலைமையாசிரியர் தாவீது சார் நல்ல மனிதர், ஆனால் தமிழ் விஷயத்தில் கறார். ‘கீது’ என்று ஒரு பிள்ளை சொல்லிவிட்டால் ‘இருக்கிறது’ என்று திருத்திச் சொல்லும் வரை உட்கார விடமாட்டார். ஞாயிற்றுக்கிழமை சர்ச்சில் பிரசங்கமும் செய்வார். அவரைப் பெற்றவர்கள் செங்கல்பட்டுப் பக்கம் அடுத்தவர் நிலத்தில் கூலி வேலை செய்தவர்கள். “ஊருக்குள்ளே எங்கப்பா வாயைத் திறந்தால் அடி விழும் டீச்சர். நான் இந்தத் தமிழைப் பேச ஆரம்பித்த பிறகுதான் எனக்கு நாற்காலி போட்டார்கள்” என்று ஒரு நாள் சொன்னார். அதற்கப்புறம் அவருடைய கறாரைக் கேலி செய்ய எனக்கு மனசு வரவில்லை.

அவருக்கும் குப்பத்துக்கும் தகராறு வந்தது வருகைப் பதிவில். காலையில் பெயர் கூப்பிடுவார். “ஜம்புலிங்கம்!” பதில் இல்லை. பக்கத்தில் இருக்கிற பையன் எழுந்து, “வந்துகினு கீறான் சார்” என்பான். ஜம்புலிங்கம் அம்மாவோடு புதுப்பட்டினம் சந்தைக்குப் போயிருப்பான், சாயங்காலம்தான் திரும்புவான், அது அந்தப் பையனுக்கும் தெரியும். சாருக்குக் கோபம் வரும்.

“பொய் சொல்லக் கூடாது. வரவில்லை என்று சொல்.”

பையன் வாயைத் திறக்கமாட்டான். அடுத்தவனைக் கேட்டால் அவனும் தலையைக் குனிந்துகொள்வான். வேறு என்ன சொல்லச் சொன்னாலும் கிளி மாதிரி சொல்கிற பிள்ளைகள், அந்த ஒரு சொல்லுக்கு மட்டும் வகுப்பு மொத்தமும் உதட்டைக் கடித்துக்கொண்டு நிற்கும். இது திமிர் என்று சாருக்குத் தோன்றிவிட்டது. ஒரு நாள் ஜெகதாம்பாளின் மகள் சம்பூர்ணத்தை, சொல்கிற வரைக்கும் வெளியே நில் என்று வெயிலில் நிறுத்திவிட்டார். விஷயம் கரைக்குப் போக எவ்வளவு நேரம் ஆகும்? ஏலத்தைப் பாதியில் விட்டுவிட்டு ஜெகதா வந்து நின்றாள்.

“சாரே, எம் பொண்ண இன்னாத்துக்கு வெளில நிக்க வெச்சே?”

“வரவில்லை என்று ஒரு வார்த்தை சொல்லச் சொன்னேன் அம்மா. அதற்கு இவ்வளவு பிடிவாதம்.”

ஜெகதா சட்டென்று இரண்டு காதையும் பொத்திக்கொண்டாள். “ஐயோ சாரு! அவ அப்பன் கடல்ல கீறாரு, நீ இன்னா வார்த்த பேசறே! அத்த எங்க புள்ளிங்க வாயில வெக்காத. ஆம்பளைங்க கரையேறுற வரிக்கும் நாங்க வந்துகினு கீறாருன்னுதான் சொல்லுவோம். வூட்ல கேட்டாலும் அதான், கடைல கேட்டாலும் அதான். அந்த வார்த்தய ஒருத்தி சொல்லிட்டான்னா, அந்த வூட்டு ஆளு வர்ற வழிய அவளே அடைச்சா மாரி.”

“ஒருவேளை நிஜமாகவே...”

“ஒருவேளையும் கெடையாது, ரெண்டு வேளையும் கெடையாது! போடி உள்ள!” என்று மகளைப் பிடித்து வகுப்புக்குள் தள்ளிவிட்டுப் போனாள். பிள்ளைகளுக்குக் கடலில் இருக்கிறவர்கள், சந்தையில் இருக்கிறவர்கள் என்ற வித்தியாசமெல்லாம் இல்லை. கண்ணுக்கு முன்னால் இல்லாத எல்லோரும் வந்துகொண்டிருக்கிறார்கள், அவ்வளவுதான். அன்றிலிருந்து சார் பெயரைக் கூப்பிட்டுவிட்டு, பதில் வராவிட்டால் தானே பேசாமல் ஒரு கோடு போட்டுக்கொள்வார்.

அந்த வார்த்தைக்கு இவ்வளவு பயமா என்று நான் சம்பூர்ணத்தைக் கேட்டேன். அவள் கருவாடு காயப் போட்டிருந்த மேட்டைக் கையால் காட்டினாள். அங்கே தனக்கோடி என்கிற பெண் தனியாக உட்கார்ந்து மீனைக் கீறிக்கொண்டிருந்தாள். அவள் பக்கத்தில் வேறு பெண்கள் யாரும் உட்காருவதில்லை. சில வருஷங்களுக்கு முன்னால் ஒரு நாள், அடுப்பில் சோறு குழைகிற எரிச்சலில், “அந்தாளு இன்னும் வரல” என்று அவள் பக்கத்து வீட்டுக்காரியிடம் சொல்லிவிட்டாளாம். மறுநாள் அவள் புருஷன் சதுரங்கப்பட்டினம் பக்கம் பிணமாக ஒதுங்கினான். அதிலிருந்து அவள் பெயர் ‘வாய்க்காரி’. கல்யாண வீட்டுக்கு அவளைக் கூப்பிடமாட்டார்கள். கடலுக்குக் கிளம்புகிறவன் எதிரில் அவள் வந்துவிட்டால் திரும்பி வீட்டுக்குப் போய் ஒரு வாய் தண்ணீர் குடித்துவிட்டுத்தான் கிளம்புவான். அவளும் பேச்சையே குறைத்துக்கொண்டாள். கருவாடு வாங்க வருகிறவர்களிடம் விலையைக்கூட விரலால்தான் காட்டுவாள்.

ஐப்பசி பாதியில் அந்தக் காற்று வந்தது. காலையில் நான் பஸ்ஸைவிட்டு இறங்கும்போது வானம் சும்மா மூடிக்கொண்டிருந்தது. விடியும் முன்பே கட்டுமரங்கள் எல்லாம் போய்விட்டிருந்தன. மத்தியான மணி அடிக்கும்போது சவுக்குகள் எல்லாம் கடல் பக்கமாகச் சாய ஆரம்பித்தன. காற்று கடலிலிருந்து வந்தால் குப்பத்துக்காரர்கள் அவ்வளவு பயப்படமாட்டார்கள், அது எப்படியும் கரையில் கொண்டுவந்து போடும். இது கரையிலிருந்து வீசியது. கட்டுமரத்தை வெளிக்கடலுக்கு ஓட்டிக்கொண்டு போகிற காற்று. பிள்ளைகளை நாங்கள் வீட்டுக்கு அனுப்பவில்லை, அவர்களாகவே எழுந்து கரைக்கு ஓடிவிட்டார்கள். தாவீது சார் தடுக்கவில்லை.

சாயங்காலத்துக்குள் ஒவ்வொரு கட்டுமரமாகக் கரையேறியது. சிலர் வலையை அறுத்துவிட்டு வந்திருந்தார்கள். ஒருவன் கரையேறினதும் மணலிலேயே படுத்து வாந்தி எடுத்தான். கடைசியில் ஒரே ஒரு கட்டுமரம் பாக்கி. ஜெகதாவின் புருஷன் நீலமேகமும் அவன் தம்பி கங்காதரனும் போனது. வந்தவர்களைக் கேட்டால், “எங்களுக்கு அப்பால கண்ணுக்குத் தெரியற வரிக்கும் பாத்தோம், பாய் கிழிஞ்சிப் போச்சு அவங்களுக்கு” என்றார்கள். ஜெகதா அலை தொடுகிற இடத்தில் நின்றுகொண்டிருந்தாள். பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டதால் நான் அவளிடம் போய், “ஜெகதா, நீலமேகம்...” என்று ஆரம்பித்தேன்.

“வந்துகினு கீறாரு டீச்சரு” என்றாள். திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

செங்கல்பட்டில் அன்று எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. காலையில் முதல் பஸ்ஸுக்கே வந்துவிட்டேன். காற்று குறைந்திருந்தது, மழை மட்டும் விட்டுவிட்டுத் தூறிக்கொண்டிருந்தது. தோப்பைத் தாண்டினதும் கரையைத்தான் பார்த்தேன். கட்டுமரங்கள் வரிசையாகக் கிடந்தன. நீலமேகத்தின் மரம் இழுத்துப் போடுகிற இடம் வெறும் மணலாகக் கிடந்தது. பெண்கள் கும்பலாக உட்கார்ந்திருந்தார்கள், ஒருத்தியும் அழவில்லை. அழுகையும் அந்த வார்த்தைக்குச் சமானம் போலிருக்கிறது.

அப்போதுதான் ஜீப் வந்தது. ஆண்களில் பாதிப் பேர் வழக்கம் போல் தோப்புக்குள் மறைந்துவிட்டார்கள். ஜீப்பின் தலையில் ஒலிபெருக்கி கட்டியிருந்தது. அதிலிருந்து இறங்கினவர் அரசாங்க அதிகாரி, புயலுக்குப் பிறகு குப்பம் குப்பமாக விசாரித்துக்கொண்டு வருகிறார். ராத்திரி முழுக்கத் தூங்காத முகம். மைக்கைக் கையில் எடுத்து, “கடலுக்குச் சென்று கரை திரும்பாதவர்கள் இக்குப்பத்தில் எவரேனும் உண்டா?” என்று கேட்டார். தேடிப் போவதற்கு மெட்ராஸ் துறைமுகத்தில் லாஞ்சு தயாராக நிற்கிறதாம். மாமல்லபுரம் போய் டிரங்க் கால் போட்டுத் திரும்பாதவர்களின் பெயரை இவர் சொன்னால் உடனே புறப்படும். பெயர் இல்லையென்றால் வடக்கே வேறு ஊர்களுக்குப் போய்விடும்.

பெண்கள் கடலையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். நான் முன்னால் போய், “நீலமேகம், கங்காதரன் என்று இரண்டு பேர் சார். நீலமேகத்தின் பெண்சாதி அங்கே உட்கார்ந்திருக்கிறார்” என்று காட்டினேன். அதிகாரி கும்பலுக்குப் பக்கத்தில் போனார்.

“ஏம்மா, உங்க வீட்டு ஆள் இன்னும் திரும்பலையா?”

ஜெகதாவுக்கு முந்திக்கொண்டு அவள் நாத்தனார் செங்கம்மாள் பதில் சொன்னாள். நீலமேகத்தின் அக்கா அவள். “வந்துகினு கீறாரு சார்.”

“வந்துகிட்டு இருக்காரா?”

“ஆமா சார். வந்துகினு கீறாரு” என்று நாலைந்து பெண்கள் சேர்ந்து சொன்னார்கள்.

அதிகாரிக்கு அப்பாடா என்று இருந்தது, முகத்திலேயே தெரிந்தது. “சரி, வழியில இருக்காங்க போல. இங்கே யாரும் பாக்கி இல்லை” என்று டிரைவரிடம் சொல்லிவிட்டு ஜீப்பைப் பார்த்து நடந்தார்.

எனக்குப் பதறிவிட்டது. ஓடிப்போய் மறித்தேன். “சார், அவங்க சொல்றதுக்கு அர்த்தம் அது இல்லை. இவங்க ‘வரவில்லை’ என்று சொல்லமாட்டாங்க, அது இங்கே வழக்கம்” என்று மூச்சுவிடாமல் விளக்கினேன். தாவீது சாரும் வந்து சேர்ந்து, அழகான தமிழில், பத்தி பத்தியாக எடுத்துச் சொன்னார். அதிகாரி கெட்டவர் இல்லை. பொறுமையாகத்தான் கேட்டார்.

“டீச்சர், நேற்று ஒரு குப்பத்துல நாலு பேரைக் காணோம்னு வெளியாள் சொல்லி நான் போன் போட்டேன். நாலு பேரும் பக்கத்து ஊர் சொந்தக்காரர் வீட்டுல படுத்துத் தூங்கிக்கிட்டிருந்தாங்க. எனக்கு மேலேயிருந்து கிடைச்ச வசவு எனக்குத்தான் தெரியும். இப்போ பெண்சாதி வந்துகிட்டிருக்காருங்கறா. நீங்க இல்லேங்கறீங்க. நான் யார் பேச்சை எடுத்துக்கறது? அந்த அம்மா தன் வாயால சொல்லட்டும். இப்பவே போன் போடறேன்.”

ஜெகதாவுக்கு இது முழுக்கக் காதில் விழுந்தது. எழுந்து நின்றாள். செங்கம்மாள் அவள் முந்தானையைப் பிடித்து இழுத்தாள். “ஏய், இன்னா பண்ணப் போறே? எந்தம்பிடி அவன்!”

நான் தாவீது சாரைத் திரும்பிப் பார்த்தேன். அந்த ஒரு சொல்லைச் சொல்ல வைக்க எத்தனை பிள்ளைகளோடு மல்லுக்கு நின்றவர்! இப்போது ஜெகதாவைப் பார்த்து ‘சொல்லம்மா’ என்று சொல்ல அவருக்கு நாக்கு எழவில்லை. எனக்கும் எழவில்லை. சொன்னால், நாளைக்கு உடல் ஒதுங்கினால், ஆயுசு முழுக்க அவள்தான் கொன்றவள். கருவாட்டு மேட்டில் இன்னொரு வாய்க்காரி. சொல்லாவிட்டால் லாஞ்சு வடக்கே போய்விடும். டிரைவர் வேறு இன்ஜினை ஸ்டார்ட் பண்ணிவிட்டான்.

ஜெகதா ஜீப்புக்குப் பக்கத்தில் போய் நின்றாள். உதடு அசைந்தது, சொல் வெளியே வரவில்லை.

“என்னம்மா? கேக்கல” என்று அதிகாரி குனிந்தார்.

“வரல.”

அலைச் சத்தத்தில் அவருக்குக் கேட்கவில்லை. எனக்குக் கேட்டது. அவர் மைக்கை அவள் கையில் கொடுத்தார். “இதுல சொல்லு.”

“வரல சார்” என்றாள். அவ்வளவு சின்னக் குரல். ஆனால் அந்தச் சின்னக் குரலை ஒலிபெருக்கி பிடித்துத் தோப்பு, கரை, கூரை எல்லாவற்றின் மேலும் எறிந்தது. தன் குரல் அப்படித் திரும்பி வந்ததைக் கேட்டு அவளே பின்னால் ஒரு அடி நகர்ந்துவிட்டாள். பெண்கள் காதைப் பொத்திக்கொண்டார்கள். “எந்தம்பிய ஏலம் வுட்டுட்டியேடி! நல்லா இருப்பியாடி நீ!” என்று செங்கம்மாள் மணலை வாரி அவள் மேல் இறைத்தாள்.

அதிகாரிக்கு அதெல்லாம் புரியவில்லை. “யாரு வரலை? ஆள் பேரு, என்னிக்குப் போனாங்க, எல்லாம் சேர்த்து இன்னொரு தரம் தெளிவா சொல்லும்மா. அரைகுறையா நான் போன் போட முடியாது.”

இன்னொரு தரம் என்று அவர் சொன்னதும் ஜெகதாவின் முகம் செத்துப்போயிற்று. எனக்கு ஒரு நிமிஷம் கழித்துத்தான் உறைத்தது. இரண்டு தரம் சொல்லியாகிவிட்டது. அவள் வாயால் மூன்றாவது தரம் விழுந்தது எதுவும் இதுவரை திரும்பினதில்லை. வாயைத் திறந்தாள், மூடினாள். கழுத்து நரம்பு துடிக்கிறது, சத்தம் மட்டும் வரவில்லை. எவ்வளவு பெரிய தொண்டை அது! அதிகாரி கடிகாரத்தைப் பார்த்தார்.

கருவாட்டு மேட்டிலிருந்து தனக்கோடி இறங்கி வந்ததை அதுவரை யாரும் கவனிக்கவில்லை. கையில் மீன் செதில் ஒட்டியிருந்தது. பெண்கள் தாமாக விலகி வழி விட்டார்கள், மரியாதையினால் இல்லை. அவள் வந்து ஜெகதாவின் கையிலிருந்து மைக்கை வாங்கினாள்.

“நீலமேகம் வரல சார். அவன் தம்பி கங்காதரன் வரல. நேத்து விடியறதுக்கு மின்ன போனாங்க. பாயி கிழிஞ்சி, மரம் தெக்கால போச்சுன்னு பாத்தவங்க சொல்றாங்க. இன்னும் வரல. போன் போடு, போ.”

மைக்கைத் திருப்பிக் கொடுத்துவிட்டு ஜெகதாவிடம் சொன்னாள்: “மூணாவது எங்கணக்குல போவட்டும். எனக்கு ஏற்கெனவே கீற பேருதான.”

ஜீப் போய்விட்டது. அதற்குப் பிறகு இருந்த நேரத்தை எப்படிச் சொல்வதென்று எனக்குத் தெரியவில்லை. அன்றைக்கு முழுக்கச் செய்தி இல்லை. மறுநாளும் இல்லை. கடல் சாதுவாகிவிட்டது, வெயில்கூட அடித்தது. மற்றவர்கள் கடலுக்குப் போய் மீனோடு வந்தார்கள். ஜெகதா ஏலத்துக்குப் போகவில்லை, கூப்பிடவும் யாரும் இல்லை. அவளுக்குப் பதிலாக எவனோ ஒருத்தன் முனகலாக ஏலம் விட்டான். அவள் வீட்டுக்கு நான் போனபோது அடுப்பு மூட்டவே இல்லை. பக்கத்து வீட்டுக்காரி தன் படலை இழுத்துச் சாத்திக்கொண்டாள். சம்பூர்ணம் பள்ளிக்கு வந்தாள். ஆனால் அவள் பக்கத்தில் உட்கார்ந்திருந்த பிள்ளைகள் மெல்ல மெல்ல நகர்ந்து இடம் விட்டிருந்தார்கள். அதைப் பார்த்து எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. என் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு போய் அவள் பக்கத்தில் போட்டு உட்கார்ந்துகொண்டேன்.

“டீச்சரு,” என்று ரகசியமாகக் கேட்டாள் சம்பூர்ணம். “நைனா இப்போ வந்துகினு கீறாரா, இல்ல அம்மா சொன்னா மாரியா?”

நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டேன்.

அடுத்த நாள் காலை, தாவீது சார் பெயர் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். “சம்பூர்ணம்!” என்றார். “உள்ளேன் ஐயா” என்று அவள் எழுந்தவள், ஜன்னல் வழியாகப் பார்த்துவிட்டு அப்படியே நின்றுவிட்டாள். தோப்புக்கு நடுவே இரண்டு ஆண்கள் நடந்து வந்துகொண்டிருந்தார்கள். யாரோ கொடுத்த, அளவில்லாத சட்டை. உப்பில் வெடித்த உதடு. லாஞ்சு அவர்களைக் கண்டுபிடித்தபோது கிழிந்த பாயால் தங்களை மரத்தோடு சேர்த்துக் கட்டிக்கொண்டு அரை மயக்கத்தில் கிடந்தார்களாம். மெட்ராஸில் ஆஸ்பத்திரியில் வைத்திருந்து, பஸ் ஏற்றி அனுப்பினார்கள். கேளம்பாக்கத்தில் பஸ் நின்றபோது கங்காதரன் இறங்கி டீ வாங்கிக் குடித்து, சர்க்கரை போதாது என்று சண்டை போட்டானாம். இதெல்லாம் பிறகு தெரிந்தது. அந்த நேரத்தில் வகுப்பே காலியாகிவிட்டது. நானும்தான் ஓடினேன். செருப்பைப் பற்றி நினைக்கவே இல்லை.

குப்பம் அழுதது, சிரித்தது. செங்கம்மாள் தம்பியின் கன்னத்தை வழித்து நெட்டி முறித்தாள். “எந்தம்பி ஆயுசு கெட்டி. எவ எத்த சொன்னா இன்னா!” என்று ஜெகதாவுக்குக் கேட்கிற மாதிரி சொன்னாள். நீலமேகம் பெண்சாதியைப் பார்த்து ஒன்றே ஒன்று கேட்டான்.

“சொன்னியாமே?”

“சொன்னேன்.”

“கொழம்பு வெச்சா உப்பு போடாத. ஒரு வாரத்துக்கு உப்பு மூஞ்சிலயே முழிக்க முடியாது என்னால” என்றான். அதற்கு அர்த்தம் மன்னிப்பா, நன்றியா, எனக்குத் தெரியாது. ஜெகதா அங்கேயே மணலில் உட்கார்ந்து, அத்தனை நாள் அடக்கி வைத்திருந்ததை எல்லாம் சேர்த்து ஓ என்று அழுதாள். தொண்டை திரும்பி வந்துவிட்டது.

மறுநாள் அவள் எங்களுக்கு மீன் கொண்டுவந்தாள். பள்ளிக்கூட வாசலில் நின்று தாவீது சாரோடு பேசிக்கொண்டிருந்தபோது, தனக்கோடி வந்து கொஞ்சம் தள்ளி நின்றாள். பழக்க தோஷம், யாரும் கூப்பிடாமல் கிட்டே வரமாட்டாள்.

“வாக்கா” என்றாள் ஜெகதா.

தனக்கோடி வந்தாள். “மூணாவது தரம் நான்தான சொன்னேன்?”

“ஆமாக்கா. நீதான் சொன்னே. உன் வாயாலதான் லாஞ்சு போச்சு.”

“அதே வாயிதான. அன்னிக்கு எங்காள சொன்ன வாயிதான இது.” அவள் ஜெகதாவின் கையைப் பிடித்துக்கொண்டாள். “நீலமேகம் வந்துட்டான். அவன் ஆயுசு கெட்டின்றாங்க. அப்போ எங்காளு ஆயுசு கொறச்சல்னுதான ஆவுது? நான் சொன்னதால அவரு சாவலதான ஜெகதா? சொல்லு. இத்தினி வருஷமா நான் அடுப்புகிட்ட உக்காரும்போதெல்லாம் அந்த வார்த்தயதான் யோசிச்சிகினு கீறேன். சாவலதான?”

ஊர் சொன்னதை எல்லோரையும்விட அதிகமாக நம்பியிருந்தவள் அவள்தான் என்பது அன்றுவரை என் புத்தியில் ஏறவில்லை. தாவீது சார் கண்ணாடியைக் கழற்றித் துடைக்க ஆரம்பித்தார்.

“சாவலக்கா” என்றாள் ஜெகதா. “உன்னால சாவல.”

தனக்கோடி தலையை ஆட்டினாள். ஆனால் போகவில்லை. “இங்க சொல்லி இன்னா ஆவுது? எனக்குப் பேரு வெச்சது கரைல. நீ ஏலம் வுடுவியே, அந்த எடத்துல, அந்தத் தொண்டயில சொல்லுவியா?”

நான் அடுத்த நாள் முதல் பஸ்ஸில் வந்தேன். பள்ளிக்கூடத்துக்குப் போகாமல் நேராகக் கரைக்குப் போனேன். தாவீது சார் எனக்கு முன்னால் வந்து நின்றுகொண்டிருந்தார். மரங்கள் வந்திருந்தன. மணலில் சங்கரா மீன் குவிந்து கிடந்தது. வியாபாரிகளும் கூடைக்காரிகளும் சூழ்ந்து நின்றார்கள். தனக்கோடி கும்பலுக்கு வெளியே, முந்தானையால் வாயை மூடிக்கொண்டு நின்றாள்.

ஜெகதா இடுப்பில் கையை ஊன்றிக்கொண்டாள். மீனைப் பார்க்கவில்லை.

“தனக்கோடி புருசன் கடல்ல செத்தாரு. தனக்கோடி வாயால சாவல!” என்றாள். தோப்பைத் தாண்டிக் கேட்கிற குரல். “ஒரு தரம்!”

கூட்டம் பேச்சை நிறுத்தியது. ஒரு வியாபாரி சிரிக்கப் பார்த்து, பக்கத்தில் இருந்தவர்களின் முகத்தைக் கண்டு அடக்கிக்கொண்டான்.

“ரெண்டு தரம்!”

வழக்கம் போல் சுற்றிலும் ஒரு பார்வை பார்த்தாள். ஆட்சேபம் இருந்தால் இப்போது சொல்லிவிட வேண்டும். ஒவ்வொரு முகமாகப் போன பார்வை செங்கம்மாளிடம் வந்து நின்றது. செங்கம்மாள் வாயைத் திறந்தாள். கடலைப் பார்த்தாள், கரையில் வலை பிரித்துக்கொண்டிருந்த தம்பியைப் பார்த்தாள். பிறகு தலையில் இருந்த கூடையை இறக்கி, தனக்கோடி நிற்கிற பக்கமாக நகர்ந்து, அவள் பக்கத்தில் வைத்தாள்.

ஜெகதா இன்னும் கொஞ்சம் காத்திருந்தாள்.

“மூணு தரம்.”